ஒற்றி வைத்த ஆண்டுகள்

உணவு, உடை, உறையுள் என்று மாந்தர் தேவைகளை மூன்றாக வகுத்துச் சொல்வது நம் மரபு. இம்மூன்றனுள் உணவை நாள்தோறும் ஈட்டி உண்கிறோம். உடையை ஆண்டுக்குச் சில முறை வாங்கி உடுக்கிறோம். உறையுள் ஒன்றுக்கு மட்டும் வாழ்நாளின் பெரும்பகுதியை விலையாகத் தருகிறோம். ‘வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்’ என்னும் பழமொழி பிறந்த காலத்தில், வீடு கட்டுவோன் செங்கல்லுக்கும் மரத்துக்கும் சுண்ணாம்புக்கும் அலைந்தான். இன்று நம்மில் பலர் வங்கிப் படிவங்களோடு அலைகிறோம். அலைச்சலின் வகை மாறியது போலவே விலையின் வகையும் மாறிவிட்டது.

புணே நகரில் வாழும் தமிழராகிய நாம் இம்மாற்றத்தைக் கண்கூடாகக் கண்டவர்கள். கட்கியிலும் ராஸ்தா பேட்டையிலும் பாளையப் பகுதியிலும் குடியேறிய நம் முன்னோருட் பலர், பணிக்காலம் முழுவதும் வாடகை வீட்டிலோ அலுவலகக் குடியிருப்பிலோ வாழ்ந்தனர். ஓய்வு பெறும் நாளில் கைக்கு வந்த சேமநல நிதியையும் பணிக்கொடையையும் கொண்டு இங்கே ஒரு சிறு வீடு வாங்கினர். அல்லது ஊர் திரும்பினர். இன்று ஹிஞ்சவடியிலும் கராடியிலும் கணினித் துறையில் பணியேற்கும் இளைஞர், முப்பது வயதை எட்டும் முன்னரே இருபதாண்டுக் கடன் பத்திரத்தில் ஒப்பமிடுகின்றனர். முன்னோர் உழைத்த பின் வீடு பெற்றனர். இவர்கள் வீடு பெற்ற பின் உழைக்கின்றனர்.

இம்மாற்றம் நன்றா, தீதா என்று ஒரே சொல்லில் தீர்ப்புக் கூற நாம் முற்படவில்லை. கடன் வாங்கிக் கொள்ளும் வீட்டின் உண்மை விலை யாது? அதனைக் கொடுப்பவர் யார்? அவர் அதனை அறிந்து கொடுக்கிறாரா? இம்மூன்று வினாக்களையே ஈண்டு ஆராய்வோம். முதல் வினாவுக்குக் கணக்கு விடை தரும். மற்ற இரண்டும் அறத்தின்பாற்பட்டவை.

சொல் காட்டும் வழி

நிலத்தையோ வீட்டையோ பிணையாக வைத்துக் கடன் பெறுவதைக் குறிக்கத் தமிழில் ஒற்றி, போக்கியம், அடமானம் எனச் சொற்கள் பல உண்டு. ஒற்றி வைத்த நிலம் கடன் கொடுத்தவன் கைக்குச் சென்றுவிடும். வட்டிக்கு ஈடாக அதன் விளைவை அவன் துய்ப்பான். முதலைத் திருப்பித் தரும் நாளில் நிலம் மீளும். இம்முறையில் கடன்பட்டவன் எதனை இழந்தான் என்பது அவன் கண்ணுக்கு நாள்தோறும் தெரிந்தது. தன் வயலில் வேறொருவர் அறுவடை செய்வதை வரப்பில் நின்று காண்பவனுக்குக் கடனின் விலையை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

இன்றைய வீட்டுக் கடனிலோ பொருள் நம் கையை விட்டுப் போவதில்லை. கதவின் திறவுகோல் நம்மிடம்; வாயிற்பலகையில் நம் பெயர். வீட்டுப் பத்திரம் மட்டும் வங்கியின் பெட்டகத்தில் உறங்குகிறது. 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் அடமானத்தின் வகைகளுள் ஒன்றாக, பத்திரங்களை ஒப்படைப்பதனாலேயே உண்டாகும் அடமானத்தையும் ஏற்றுக்கொண்டது. ஆகவே, கடன்பட்டவன் இழப்பது யாது என்பது கண்ணுக்குப் புலனாவதில்லை. நாம் ஒற்றி வைத்திருப்பது எதனை? நம் கைவிட்டுப் போய் வேறொருவர்க்கு விளைவு தந்துகொண்டிருப்பது எதுவோ அதுவே ஒற்றிப் பொருள். அவ்வாறு பார்த்தால், இனிவரும் இருபது ஆண்டுகளின் உழைப்பையே நாம் ஒற்றி வைத்திருக்கிறோம் எனலாம்.

இந்த ஒற்றி நம் நாட்டில் பரவலானது அண்மைக் காலத்தில்தான். 1977-ல் எச். டி. பாரேக் பம்பாயில் எச்.டி.எப்.சி. என்னும் வீட்டுக்கடன் நிறுவனத்தைத் தொடங்கினார். அதற்கு முன், சம்பளத்தை மட்டுமே நம்பி வாழும் நடுத்தரக் குடும்பம் வீட்டுக்கென நெடுங்காலக் கடன் பெறுவது அரிதாயிருந்தது. 1988-ல் தேசிய வீட்டு வசதி வங்கி நிறுவப்பட்டது. பின்னர் வணிக வங்கிகளும் இத்துறையில் பெருமளவில் நுழைந்தன. ஆயிரக்கணக்கான குடும்பங்கள் இளமையிலேயே சொந்தக் கூரையின்கீழ் வாழ வழி பிறந்தது. இந்நன்மையை மறைத்துப் பேசுவது நேர்மையாகாது.

கணக்கு சொல்வது

இனிக் கணக்கைக் காண்போம். 50 இலட்சம் ரூபாய்க் கடன், ஆண்டுக்கு 8.5 விழுக்காடு வட்டி. 20 ஆண்டுத் தவணை எனக் கொள்வோம். இ.எம்.ஐ. என்று எல்லார் நாவிலும் பழகிவிட்ட மாதத் தவணை 43,391 ரூபாய் ஆகும். 240 மாதங்களில் நாம் செலுத்தும் தொகை ஏறத்தாழ 1 கோடியே 4 இலட்சம். பெற்றது 50 இலட்சம். வட்டி மட்டும் 54 இலட்சத்துக்கு மேல்.

இத்தொகையினும் கூர்ந்து நோக்க வேண்டியது தவணையின் உள்ளமைப்பு. முதல் மாதத் தவணையில் 35,417 ரூபாய் வட்டிக்குச் செல்கிறது; முதலில் கழிவது 7,974 ரூபாயே. முதலாண்டு முழுவதும் 5 இலட்சத்து 20 ஆயிரத்துக்கு மேல் செலுத்திய பின்னரும், கடன் குறைந்திருப்பது ஒரு இலட்சத்துக்குச் சற்றுக் குறைவு. முதலில் பாதி தீர்வதற்கு ஏறத்தாழ 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. ‘பத்தாண்டு கட்டிவிட்டோம், பாதிக் கடன் தீர்ந்திருக்கும்’ என்று எண்ணுபவர் ஏமாறுவது இவ்விடத்தில்தான். இதில் வங்கியின் சூழ்ச்சி ஒன்றுமில்லை. நிலுவையிலுள்ள முதலுக்கு வட்டி கணக்கிடப்படுகிறது. தொடக்கத்தில் முதல் மிகுதி, ஆகவே வட்டியும் மிகுதி. கணக்கு நேரானது. அதனை யாரும் நமக்கு விரித்துக் காட்டாமையே குறை.

இனித் தவணைக் காலத்தை மாற்றிப் பார்ப்போம். அதே கடனை 15 ஆண்டில் தீர்ப்பதானால் மாதத் தவணை 49,237 ரூபாய். மொத்த வட்டி 38 இலட்சத்து 63 ஆயிரம். 30 ஆண்டில் தீர்ப்பதானால் தவணை 38,446 ரூபாய்; வட்டியோ 88 இலட்சத்து 40 ஆயிரம். தவணையில் மாதம் 10,791 ரூபாய் குறைந்ததற்காக, வட்டியில் ஏறக்குறைய 50 இலட்சம், அஃதாவது வாங்கிய கடனளவு, கூடுதலாகக் கொடுக்கிறோம். ‘மாதம் எவ்வளவு?’ என்று கேட்பவனுக்கு முப்பதாண்டே மலிவாகத் தோன்றும். ‘மொத்தம் எவ்வளவு?’ என்று கேட்பவனுக்கு அதுவே மிகு விலையாகத் தோன்றும்.

வட்டி மாறும் தன்மையுடையதாயின் கணக்கும் மாறிக்கொண்டே இருக்கும். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காட்டுக்கு உயர்த்தியது. 7 விழுக்காட்டில் 20 ஆண்டுக்கு வாங்கிய 50 இலட்சத்துக்குத் தவணை 38,765 ரூபாய். வட்டி 9.5 ஆக உயர்ந்தால், அதே முதலுக்கு ஒரு மாத வட்டி மட்டும் 39,583 ரூபாய் ஆகிறது. தவணையை உயர்த்தாமல் விட்டால் வட்டிக்கே அது போதாது; கடன் தேய்வதற்கு மாறாக வளரத் தொடங்கும்.

கட்டி முடியாத வீட்டை வாங்குவோர்க்கு இன்னொரு சுமையும் உண்டு. வங்கி பகுதி பகுதியாகத் தொகையை விடுவிக்க, அதற்கு வட்டி மட்டும் கட்டி வருவர். முதலில் ஒரு காசும் குறையாது. அதே காலத்தில் குடியிருக்கும் வீட்டுக்கு வாடகையும் கொடுப்பர். கட்டடம் ஓராண்டு தாமதமானால் இவ்விரட்டைச் சுமையும் ஓராண்டு நீளும். முத்திரைக் கட்டணம், பதிவுக் கட்டணம், கட்டப்பட்டுவரும் வீட்டுக்குரிய சரக்கு சேவை வரி, குடியிருப்புச் சங்கத்தின் பராமரிப்புத் தொகை ஆகியவற்றையும் சேர்த்தே விலையைக் காண வேண்டும்.

எதிர்வாதத்தின் நியாயம்

இவ்வளவையும் கேட்ட ஒருவர், ‘ஒரு பக்கத்தை மட்டும் பேசுகிறீர்’ என்று நம்மை மறுக்கலாம். அவர் கூற்றிலும் நியாயம் உண்டு. இன்றைய ரூபாயும் இருபதாண்டுக்குப் பிந்திய ரூபாயும் மதிப்பில் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 6 விழுக்காடு ஏறும் எனக் கொண்டால், கடைசியாகக் கட்டும் 43,391 ரூபாய்த் தவணை இன்றைய 13,500 ரூபாய் அளவே மதிப்புடையது. சம்பளமும் உயர்ந்து வந்தால் தொடக்கத்தில் முதுகை முறித்த தவணை பின்னர் இலகுவாகும். வாடகை வீட்டில் இருந்தாலும் பணம் போகத்தான் செய்யும். முடிவில் கையில் ஒன்றும் நில்லாது. மேலும், வங்கிக்குச் செல்லும் வட்டி முழுவதும் அதன் கருவூலத்தில் தங்கிவிடுவதில்லை. ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவரின் வைப்புத் தொகைக்கு வட்டியாகவும் அது செல்கிறது. நம் தவணை அவருடைய மருந்துச் செலவு. ஆதலின் வட்டி முழுவதையும் கொள்ளை என்று பழிப்பது அறியாமையாகும்.

இவற்றையெல்லாம் ஏற்றுக்கொண்ட பின்னும் எஞ்சி நிற்பது ஒன்றுண்டு. விலைவாசிக் கணக்கு, வருவாய் தடையின்றி வளரும் என்னும் நம்பிக்கையின்மேல் எழுப்பப்பட்டது. தவணை மாதந்தோறும் தவறாது வரும். சம்பளம் அவ்வாறு வரும் என்று உறுதி கூறுபவர் யார்? 2002-ஆம் ஆண்டின் சர்பாசி சட்டத்தின்படி, வாராக் கடனாகிவிட்ட கணக்கில், 60 நாள் அறிவிப்புக் கொடுத்தபின் வழக்குமன்றத் தீர்ப்பின்றியே பிணைச் சொத்தைக் கையகப்படுத்த வங்கிக்கு அதிகாரம் உண்டு. அந்நிலை வாராதவர்களும், அது வந்துவிடுமோ என்னும் அச்சத்தோடே இருபதாண்டு வாழ்கின்றனர்.

அவ்வச்சம் வாழ்க்கையின் பல முடிவுகளைத் தானே எடுத்துவிடுகிறது. மனம் ஒப்பாத வேலையை விட நினைப்பவனைத் தவணை தடுக்கிறது. பிள்ளை பிறந்தபின் சில ஆண்டு வீட்டிலிருக்க விரும்பும் தாயை, இணைக் கடனாளி என்னும் ஒப்பம் அலுவலகத்துக்கு அனுப்புகிறது. திருநெல்வேலியிலோ தஞ்சையிலோ தனித்திருக்கும் முதிய பெற்றோரிடம் சென்று ஆறு மாதம் தங்க நினைக்கும் மகன், நினைத்ததோடு நிற்கிறான். புணேயில் கடன் தீரும் வேளையில் ஊரிலுள்ள பழைய வீட்டின் ஓடு சரிந்திருக்கலாம். அதில் வாழ்ந்தோரும் இல்லாதிருக்கலாம். இவை எந்தக் கடன் பத்திரத்திலும் எண்ணாகக் குறிக்கப்படுவதில்லை. எனினும் இவையும் விலையே.

இங்கேதான் நம் இரண்டாம் வினாவுக்கு விடை கிடைக்கிறது. ஒப்பமிடுபவன் இன்றைய மனிதன். விலை கொடுப்பவன் நாளைய மனிதன். முப்பது வயதில் நாம் கொடுத்த சொல்லை ஐம்பது வயதில் இருக்கப்போகும் நாம் காக்க வேண்டும். அந்த ஐம்பது வயதினர் நமக்கு இன்னும் அறிமுகமாகாதவர். அவர் உடல்நிலை, தொழில், விருப்பம் ஒன்றும் நாம் அறியோம். அறியாத ஒருவர் சார்பில் வாக்களிப்பது பெரும் பொறுப்பு. அதை இயற்றக் கூடாது என்பதில்லை. மணவாழ்வும் மக்கட்பேறும் இத்தகைய வாக்குறுதிகளே. ஆனால் கண்ணை மூடிக்கொண்டு இயற்றல் ஆகாது.

புணே மண் கற்ற பாடம்

அறிந்து கொடுப்பதற்கும் அறியாது கொடுப்பதற்கும் உள்ள வேறுபாட்டை இப்புணே மண் நன்கறியும். நகருக்கு அருகே இந்திராயணி ஆற்றங்கரையில் உள்ள தேகு என்னும் ஊர், பதினேழாம் நூற்றாண்டில் வாழ்ந்த துக்காராமின் ஊர். அவர் குடும்பம் கடை நடத்திக் கடனும் கொடுத்து வந்தது. கொடிய பஞ்சத்தில் மக்கள் மடிந்தபின், தமக்கு வரவேண்டிய கடன்களுக்குரிய பத்திரங்களை அவர் ஆற்றில் எறிந்தார் என்றும், தம்பியின் பங்குக்குரியவற்றை அவரிடமே கொடுத்துவிட்டார் என்றும் மராட்டிய மரபு கூறுகிறது. அறநெஞ்சம் கொண்ட கடன்காரர் ஒருவர், தாளுக்கு அப்பால் இருந்த மனிதரைக் கண்டார்.

இரண்டு நூற்றாண்டு கழித்து அதே மாவட்டத்தில் பத்திரங்கள் நெருப்பில் விழுந்தன. 1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போரினால் இந்தியப் பருத்தியின் விலை ஏற, தக்காண உழவர்க்குக் கடன் தாராளமாகக் கிடைத்தது. போர் முடிந்தபின் விலை வீழ்ந்தது, கடன் வாயில் அடைபட்டது, நிலவரியும் உயர்ந்தது. கடன் பத்திரம் மூன்றாண்டே செல்லும் என 1859-ல் சட்டம் வகுக்கப்பட்டிருந்தது. உழவரைக் காக்க வந்த அச்சட்டமே அவர்க்குப் பகையாயிற்று. மூன்றாண்டு முடியுந்தோறும், தீராத வட்டியை முதலோடு கூட்டிப் புதிய முதலாக எழுதிய பத்திரத்தில் அவர்களிடம் கைந்நாட்டு வாங்கப்பட்டது. எழுதப்பட்டது யாதென்று அவர்க்குப் படிக்கத் தெரியாது. 1875 மே 12-ஆம் நாள் சூபா என்னும் சந்தை ஊரில் திரண்ட உழவர், வட்டிக்கடைகளைத் தாக்கிக் கணக்கேடுகளையும் பத்திரங்களையும் எரித்தனர். கலகம் அகமதுநகர் மாவட்டத்துக்கும் பரவிற்று.

வன்முறையை நாம் போற்றவில்லை. ஆயினும் அவர்கள் நெருப்புக்கு இரையாக்கியது எதனை என்பது சிந்தனைக்குரியது. தமக்குப் புரியாத எழுத்தையே அவர்கள் எரித்தனர். ஆராய்ச்சிக் குழு ஒன்று அமைந்தது. அதன் பயனாக 1879-ல் தக்காண உழவர் நிவாரணச் சட்டம் பிறந்தது. உழவனின் பத்திரங்கள் கிராமப் பதிவாளர் முன்னிலையில் எழுதப்பட வேண்டும். கொடுத்த தொகைக்கு ரசீது தர வேண்டும். கணக்குக் கேட்டால் காட்ட வேண்டும். பத்திரத்தின் பின்னுள்ள கொடுக்கல் வாங்கல் வரலாற்றை வழக்குமன்றம் துருவி ஆராயலாம் என்றெல்லாம் அது விதித்தது. கடனாளிக்குத் தன் கடனை அறியும் உரிமை உண்டு என்பதே அதன் உயிர்நிலை.

கடனுக்கு ஓர் எல்லை வேண்டும் என்னும் எண்ணமும் நம் நாட்டில் பழமையானது. ஒரே வேளையில் வசூலிக்கும் நிலுவை வட்டி முதலை விஞ்சலாகாது என்னும் ‘தாம்துப்பட்’ விதியைப் பம்பாய் மாகாண வழக்குமன்றங்கள் இந்துக் கடனாளிகளுக்குப் பின்பற்றி வந்தன. சென்னை மாகாணத்தில் இராஜாஜி அமைச்சரவையின் காலத்தில் 1938-ல் வந்த உழவர் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபருக்கு முன் ஏற்பட்ட கடனில், முதலைப் போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்தியிருந்தால் அக்கடன் முற்றும் தீர்ந்ததாகக் கொள்ளும்படி செய்தது. நாம் மேலே கண்ட இருபதாண்டுக் கணக்கும் இருமடங்கையே தொடுகிறது என்பதை எண்ணிப் பார்க்கத்தக்கது. வறுமையில் வாடிய அன்றைய உழவரும் மாதச் சம்பளம் பெறும் நாமும் ஒரு நிலையினர் அல்லோம். ஆனால் ‘எவ்வளவு கொடுத்தால் போதும்?’ என்னும் வினா இருவர்க்கும் பொதுவானது.

அறிந்து ஒப்பமிடல்

அன்று மூன்றாண்டுக்கு ஒருமுறை பத்திரம் புதுப்பிக்கப்பட்டது. நம் காலத்தில், வட்டி ஏறும்போது தவணைத் தொகை மாறாதிருக்க, தவணைக் காலம் ஓசையின்றி நீண்டது. தன் கடன் அறுபது வயதையும் தாண்டிவிட்டதைக் கடனாளி அறியாதிருந்த நிலை ஏற்பட்டது. இதனைக் கண்டே 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி புதிய நெறிகளை வகுத்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்பதைக் கடனாளி தெரிந்தெடுக்க வாய்ப்பளிக்க வேண்டும். செலுத்திய முதல், செலுத்திய வட்டி, எஞ்சிய தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காலாண்டுதோறும் தெரிவிக்க வேண்டும் என்று பணித்தது. 2024 அக்டோபர் முதல், கடனின் முழுச் செலவை ஆண்டு விழுக்காடாகக் காட்டும் விவரத்தாளையும் தவணை அட்டவணையையும் கடன் வாங்குவோர்க்கு முன்கூட்டியே கொடுக்க வேண்டும் என்றும் விதி வந்துள்ளது. 1879-ல் உழவனுக்குச் சட்டம் அளித்த உரிமை வேறு வடிவில் நம்மை வந்தடைந்திருக்கிறது.

ஆனால் படிக்கத் தெரியாத உழவனுக்கு ஒரு நியாயம் இருந்தது. பட்டம் பல பெற்ற நாம், அறுபது பக்கப் பத்திரத்தில் பென்சிற் குறியிட்ட இடங்களில் மட்டும் ஒப்பமிட்டு எழுந்து வருவோமானால் நமக்கு என்ன நியாயம் உண்டு? கடன் கொடுப்போன் மறைத்தல் குற்றம். கடன் கொள்வோன் காண மறுத்தல் அதனோடு ஒப்பதே. ‘கணக்குப் பார்த்தால் வீடு வாங்க முடியாது’ என்று சொல்லிக்கொள்வோர் உண்டு. கணக்குப் பார்த்துக் கைவிட வேண்டிய வீடு, கணக்குப் பாராமல் வாங்கியதனால் இலகுவாகிவிடுமா?

ஆதலின், கடன் கொள்ளுமுன் குடும்பத்தினர் அனைவரும் ஒருங்கே அமர வேண்டும். மாதத் தவணையை மட்டுமன்றி மொத்தத் தொகையையும், கடைசித் தவணை விழும் ஆண்டையும், அவ்வாண்டில் ஒவ்வொருவர்க்கும் ஆகும் வயதையும் எழுதிப் பார்க்க வேண்டும். வாயைத் திறந்து அவற்றைப் படிக்கவும் வேண்டும். அதே வீட்டின் வாடகை எவ்வளவு என்று அத்தெருவிலேயே கேட்டறிந்து பக்கத்தில் எழுதலாம். ஒருவர் வருவாய் ஆறு மாதம் நின்றுபோனால் என்ன செய்வது என்னும் வினாவுக்கும் விடை காண வேண்டும். அப்பொழுதும் வீடு வேண்டும் என்று தோன்றினால், அவ்விருப்பம் உறுதியானது; மகிழ்ந்து ஒப்பமிடலாம்.

ஒப்பமிட்ட பின்னும் வழியுண்டு. மாறும் வட்டியில் தனி மனிதர் பெற்ற வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் தண்டம் வாங்கலாகாது என்று 2012-ல் ரிசர்வ் வங்கி விதித்தது. நாம் எடுத்துக்கொண்ட இருபதாண்டுக் கடனில், ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகச் செலுத்தி வந்தால், மூன்றாண்டுக்கு மேல் குறையும். ஆண்டுக்கொரு மாதத் தவணையின் சிக்கனம், நாளைய மனிதனுக்கு மூன்றாண்டு உரிமையாகத் திரும்புகிறது. நகைக்கும் பகட்டுக்கும் செலவாகும் ஊக்கத்தொகைக்கு இதனினும் நல்ல பயன் ஒன்று உண்டோ?

ஒற்றிக்கும் விற்பனைக்கும் உள்ள வேறுபாடு மீட்கும் உரிமையில் இருக்கிறது. முதலைத் திருப்பித் தந்து பொருளை மீட்கும் உரிமையைச் சட்டமும் கடனாளிக்கு உறுதி செய்கிறது. வீட்டை மீட்கும் நாளைப் பத்திரம் சொல்லும். அதனோடு நாம் ஒற்றி வைத்த ஆண்டுகளை மீட்கும் நாளை நாமே குறித்து வைத்தல் வேண்டும். நாள் குறித்து வைத்தது ஒற்றி. குறியாது வைத்தது விற்பனையாகவே முடியும்.